ஒன்பதாம் காரணம்

அச்சிட்ட படிவத்தில் அடங்காத காரணம் ஒன்றை விண்ணப்பதாரர் எழுதியிருந்தால், அதைத் தனிக்குறிப்பில் பதிந்து, முடிவெடுக்கும் அலுவலரின் பார்வைக்கு வைக்க வேண்டும். எங்கள் அலுவலக நடைமுறையில் இது ஒரு விதி. செய்து முடிக்க ஒரு வெள்ளைத்தாள், கோப்பில் கட்ட ஒரு டேக், ஐந்து நிமிடம் போதும். புதிதாகச் சேர்ந்த எழுத்தர்களுக்கு இந்த விதியை நானே பலமுறை பாடமாக எடுத்திருக்கிறேன். எனக்கே அது தேவைப்பட்டது ஒரே ஒருமுறைதான். அன்றைக்கு அந்த விதி எனக்கு நன்றாக நினைவிருந்தது. மறந்திருந்தால் இதை எழுத வேண்டிய அவசியமே வந்திருக்காது.

1996-இல் நான் காரைக்குடியில் ஓர் அலுவலகத்தில் கண்காணிப்பாளர். பள்ளி ஆசிரியர்களின் விடுப்பு, ஊதிய உயர்வு, மாறுதல் எல்லாம் எங்கள் மேசைகளைக் கடந்துதான் போகும். ஏப்ரல் பிறந்தால் மாறுதல் விண்ணப்பங்கள் வரத் தொடங்கும். மே கடைசியில் பட்டியல் வெளிவரும். நடுவில் உள்ள நாட்களில் ஓர் ஆசிரியர் எங்களுக்கு வணக்கம் சொல்லும் விதத்தை வைத்தே அவருக்கு எந்த ஊர் வேண்டும் என்று சொல்லிவிடலாம்.

அந்த விண்ணப்பத்தின் இடப்பக்கம் மூன்று விரல் அகலத்துக்கு வெற்றிடம் இருக்கும். மார்ஜின் என்போம். கோப்பில் துளையிட்டுக் கட்டுவதற்காக விட்ட இடம். உண்மையில் எல்லாமே அங்கேதான் நடந்தது. படிவத்தின் கேள்விகளுக்கெல்லாம் பதில் எழுதி முடித்தபின், சொல்ல வேண்டியதை ஆசிரியர்கள் மார்ஜினில் எழுதுவார்கள். மாமியாருக்குக் கண் ஆபரேஷன். அந்த ஊர்த் தண்ணீர் பிள்ளைக்கு ஒத்துக்கொள்ளவில்லை. பக்கத்து வீட்டுக்காரர் சரியில்லை, நேரில் சொல்கிறேன். அலுவலர் கையில் விண்ணப்பம் போனால் முதலில் மார்ஜினைத்தான் படிப்பார். படித்துவிட்டுப் பென்சிலால் ஒரு டிக் போடுவார், அல்லது ஒரு கேள்விக்குறி.

அதே மார்ஜினில் வேறு கையெழுத்துகளும் விழும். ‘பெரியவர் போனில் பேசினார்’ என்று ஒரு வரி. எந்தப் பெரியவர் என்று எழுதுவதில்லை. தெரிய வேண்டியவர்களுக்குத் தெரியும். அந்த வரி விழுந்த விண்ணப்பம் பட்டியலின் உச்சிக்கு ஏறிவிடும். மாமியாரின் கண்ணும் பெரியவரின் போனும் அதே மூன்று விரல் இடத்தில் ஒண்டுக்குடித்தனம் செய்தன. எனக்கு அந்த இடத்தின்மேல் பல வருடக் கோபம். கம்ப்யூட்டர் வந்தபோது அந்தக் கோபத்துக்கு வழி கிடைத்தது.

பழைய பதிவேடுகள் இருந்த அறையைக் காலி செய்து, வெள்ளையடித்து, குளிர்சாதனம் பொருத்தி, கம்ப்யூட்டரை அங்கே வைத்தார்கள். ‘செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வரவும்’ என்று கதவில் எழுதி ஒட்டினோம். திரைக்குச் சந்தனம், குங்குமம் வைத்தாயிற்று. அலுவலர் ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு, “எல்லாத்தையும் நீங்களே பாத்துக்கங்க” என்று என்னிடம் விட்டுவிட்டார். விதி தெரிந்தவன் நான். அது எனக்கு நிறையப் பெருமையாகவும் இருந்தது.

மாறுதல் விண்ணப்பங்களைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவதற்குச் செக்காலை ரோட்டில் மாடியில் கம்ப்யூட்டர் சென்டர் நடத்திய பெண் ஒருவரிடம் வேலையை ஒப்படைத்தோம். முப்பது வயதிருக்கும். இளையாத்தங்குடிப் பக்கம் விவசாயக் குடும்பம். கணக்கில் முதுகலை படித்தவர். வாயும் கணக்காகவே பேசும்.

“நீங்க விதியச் சொல்லுங்க சார், நான் ஸ்கிரீன் போட்டுத் தாரேன்” என்றார் முதல் நாள்.

அன்று அந்த வேலைக்கு அவ்வளவுதான் பெயர்: ஸ்கிரீன் போடுவது. கறுப்புத் திரையில் பச்சை எழுத்து. குறுக்கே எண்பது எழுத்து, நெடுக்கே இருபத்தைந்து வரி. அதற்குள் ஓர் ஆசிரியரின் பெயர், பள்ளி, பணிமூப்பு, கேட்கும் ஊர், கேட்கும் காரணம் எல்லாம் அடங்க வேண்டும். இன்று என் தங்கை மகள் பெங்களூரில் கிட்டத்தட்ட இதே வேலையைத்தான் செய்கிறாள். இப்போது அதற்குப் பெயர் அனுபவ வடிவமைப்பு. முதலில் ஸ்கிரீன் போடுபவர் என்றார்கள், பிறகு வெப் டிசைனர் என்றார்கள், பிறகு பயனர், பயணம், அனுபவம் என்று பெயர் நீண்டுகொண்டே போனது. சம்பளமும் கூடவே நீண்டது. தொழில் வளர்ந்த கதையை அவள் சொல்லச் சொல்ல நான் தலையாட்டுவேன். அந்தத் தொழிலில் நானும் கொஞ்ச காலம் இருந்தேன் என்று அவளிடம் சொன்னதில்லை.

காரணங்களை எண்களாக்கியது நான். சொந்த உடல்நலக் குறைவு என்றால் ஒன்று. உடல் ஊனம் இரண்டு. கணவரை இழந்தவர் மூன்று. கணவன் மனைவி ஒரே இடத்தில் பணிபுரிய விரும்புவது நான்கு. பிள்ளை, பெற்றோர் என்று வரிசையாகப் போய், ஒன்பது ‘பிற காரணங்கள்’. மூல விதியில் கணவன் உண்டு, மனைவி உண்டு, பிள்ளை உண்டு, பெற்றோர் உண்டு. உடன்பிறந்தோர் இல்லை. இல்லாததை நான் சேர்க்க முடியாது அல்லவா?

“ஒம்பதோட ஏன் சார் நிப்பாட்டிட்டீக? ரெண்டு எலக்கம் போட்டா தொண்ணூத்தொம்பது வரைக்கும் போகலாம்” என்றார் அவர்.

“ஒரு விரல்ல முடியிறதுக்கு எதுக்கும்மா ரெண்டு விரலு?”

“மனுசனுக்கு வார கஷ்டம் ஒரு விரல்ல முடியும்னு நீங்கதான் சார் சொல்றீக.”

பட்டியல் எண் வரிசைப்படி வர வேண்டும் என்றும் நானே சொன்னேன். ஒன்றாம் காரணக்காரர்கள் மேலே, ஒன்பதாம் காரணக்காரர்கள் அடியில். எந்த எண்ணுக்குள்ளும் பணிமூப்புப்படி. யாருடைய பென்சிலுக்கும் இதில் வேலை இல்லை.

ஒருநாள் அவர் கேட்டார். “சார், இந்தப் பாரத்த நெரப்பப் போறவுக டீச்சருகதான?”

“ஆமாம்மா.”

“அப்ப நாலு டீச்சரக் கூப்புட்டு நெரப்பச் சொல்லுவோம். நாம ஒன்னும் பேசாம பக்கத்துல நின்னு பாப்போம். எந்த எடத்துல முழிக்கிறாகன்னு தெரிஞ்சுரும்ல?”

“முழிக்கிறதுக்கெல்லாம் விதியில எடம் இல்லம்மா.”

“விதிய எழுதுனவுக முழிச்சிருந்தா எடம் விட்டுருப்பாக.”

பக்கத்தில் நின்று பார்ப்பதற்கென்றே இப்போது தனிப் பதவி இருக்கிறது என்று தங்கை மகள் சொல்கிறாள். மறைந்து நின்று பார்க்கக் கண்ணாடி வைத்த அறையெல்லாம் கட்டியிருக்கிறார்களாம். செக்காலை மாடிப்படியில் ஓர் அம்மாள் அதை இலவசமாகச் சொன்னபோது நான் சிரித்துவிட்டு அடுத்த வரிக்குப் போனேன்.

அடுத்த வரிதான் கடைசி வரி. இருபத்தைந்தாவது. எல்லாம் அடங்கிய பிறகும் அது மிச்சம் இருந்தது.

“இத காலியா விட்டு, ‘குறிப்பு’ன்னு போட்டுரவா சார்? அறுபது எழுத்துக்கு மேல பிடிக்கும்” என்றார் அவர்.

“வேணாம். அதுலதான் பெரியவரு வந்து உக்காருவாரு.”

“பெரியவரு உக்காருவாருன்னு பெஞ்சையே ஒடைக்கிறீகளே சார்.”

கடைசி வரியில் அலுவலகத்தின் பெயரைப் போடச் சொன்னேன். நடுவாக, இரண்டு பக்கமும் ஐந்தைந்து நட்சத்திரக் குறிகளோடு.

திரைக்கு ஏற்றபடி புதிய விண்ணப்பமும் அச்சாகி வந்தது. ஓரத்திலிருந்து ஓரம்வரை கட்டங்கள். எழுத்துக்கு ஒரு கட்டம். மார்ஜினை ஒழித்தாயிற்று. ஆசிரியர்கள் வாங்கிப் பார்த்துவிட்டு, ஊர்ப் பெயரைக் கட்டத்துக்குள் எழுதக் குனிந்தார்கள். பாதிப் பேர் முழித்தார்கள். அதைப் பார்க்க நான் பக்கத்தில் நிற்கவில்லை.

ஏப்ரல் கடைசியில் ஒரு மதியம். கம்ப்யூட்டர் அறையிலிருந்து அந்த அம்மாள் ஒரு விண்ணப்பத்தை எடுத்துக்கொண்டு என் மேசைக்கு வந்தார்.

“சார், இந்த டீச்சர் பின்பக்கம் எழுதியிருக்காக. இத எங்குட்டு ஏத்துறது?”

வாங்கிப் படித்தேன். மூத்த ஆசிரியைகளுக்கே வரும் சீரான கையெழுத்து. வரி கோணாமல் இருக்க அளவுகோல் வைத்துப் பென்சிலால் கோடு போட்டு, எழுதி முடித்ததும் கோட்டை அழித்திருந்தார்கள். விஷயம் இதுதான்.

டீச்சர் செக்காலையில் குடியிருப்பவர்கள். திருமணம் செய்துகொள்ளவில்லை. கூட இருப்பது நாற்பத்தாறு வயது அக்கா மட்டும். அந்த அக்காவுக்குச் சிறு வயதில் மூளைக்காய்ச்சல் வந்து பேச்சு போய்விட்டது. தாயார் இருந்தவரை பார்த்துக்கொண்டார். போன கார்த்திகையில் அவரும் காலமாகிவிட்டார். டீச்சர் முன்பு காரைக்குடிக்குள்ளேயே வேலை பார்த்தபோது நாலு மணிக்கு வீட்டில் இருப்பார்கள். பதவி உயர்வில் மானாமதுரைக்கு அப்பால் ஒரு பள்ளிக்குப் போன பிறகு, விடியுமுன் கிளம்பி இருட்டிய பிறகுதான் திரும்ப முடிகிறது. அக்காவுக்கு நாலு மணிதான் கணக்கு. நாலு மணியானால் தங்கையைத் தேடித் தெருவில் இறங்கிவிடுகிறார். இரண்டு தடவை பஸ் ஸ்டாண்டில் கண்டுபிடித்திருக்கிறார்கள். இவ்வளவும் எழுதிவிட்டு, ‘ஆகவே இப்போது அக்காவை உள்ளே வைத்து வெளியே பூட்டிவிட்டுத்தான் நான் பள்ளிக்கு வருகிறேன். பக்கத்து வீட்டார் ஜன்னல் வழியாகச் சாப்பாடு கொடுக்கிறார்கள். இதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று தெரியாததால் இங்கே எழுதியிருக்கிறேன்’ என்று முடித்திருந்தார்கள். கேட்டிருந்தது நாச்சியாபுரம். ஜூனில் அங்கே ஓர் இடம் காலியாகிறது. அரைமணி நேர பஸ். நாலரைக்கு வீட்டில் இருக்கலாம்.

“என்ன போடட்டும் சார்?”

“ஒம்பது.”

“முழுசாப் படிச்சீகளா?”

“படிச்சேம்மா.”

“படிச்சுட்டுமா ஒம்பது?”

“அக்கா விதியில இல்ல. வேற என்ன போடச் சொல்ற?”

அவர் போகாமல் நின்றார். முதலில் சொன்ன விதி அப்போது என் நினைவில் இருந்தது. அதன் பத்தி எண்ணைக்கூடச் சொல்லியிருப்பேன். தனிக்குறிப்பு ஒன்று எழுதி அலுவலருக்கு அனுப்பியிருந்தால், படித்திருப்பார். அவர் நல்ல மனிதர். பென்சிலால் டிக் போட்டிருப்பார். ஆனால் ஒரு தனிக்குறிப்பு போனது என்று வெளியே தெரிந்தால் மறுநாள் நாற்பது விண்ணப்பங்களின் முதுகிலும் எழுத்து இருக்கும். அவற்றில் பத்தில் பெரியவர் இருப்பார். இப்படித்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதில் பொய் எதுவும் இல்லை. இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். திரை என்னுடையது. முதல் வருடமே அதில் அடங்காத ஒன்று இருக்கிறது என்று ஒப்புக்கொள்ள எனக்கு மனமில்லை.

விண்ணப்பத்தைத் திருப்பி, கட்டங்கள் மேலே தெரியும்படி அவர் கையில் கொடுத்தேன்.

மே கடைசியில் பட்டியல் வந்தது. பிரிண்டர் தையல் மிஷின் மாதிரி சத்தம் போட்டுக்கொண்டு மடிப்பு மடிப்பாகத் தள்ளியது. அறிவிப்புப் பலகையில் ஒட்டினோம். ஆசிரியர்கள் கூட்டமாக வந்து பார்த்தார்கள். சண்டை இல்லை, மொட்டைக் கடிதம் இல்லை. நாச்சியாபுரம், கணவர் திருப்பத்தூரில் வேலை பார்க்கும் ஓர் ஆசிரியைக்குப் போயிருந்தது. நான்காம் காரணம். அந்த ஆசிரியை மேல் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. பெரியவர் ஒருவர் போனில் பேசி, ‘கம்ப்யூட்டர்ல ஒன்னும் செய்ய முடியாதுங்க’ என்ற பதிலைக் கேட்டு வாயடைத்துப்போனார் என்று அலுவலர் மேசையைத் தட்டிச் சிரித்தார். எனக்குப் பாராட்டுக் கடிதம் வந்தது. மற்ற ஊர் அலுவலகங்களிலிருந்து அழைப்பும் வந்தது. பிளாப்பியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் போய், என் திரையை அங்கங்கே ஏற்றிவிட்டு, சாப்பாடும் சால்வையும் வாங்கிக்கொண்டு வந்தேன். நட்சத்திரக் குறிகளுக்கு நடுவே பெயர் மட்டும் மாறியது.

பட்டியல் ஒட்டிய மூன்றாம் நாள் அந்த டீச்சர் வந்தார்கள். சாம்பல் நிறக் கைத்தறிச் சேலை, கழுத்தில் சின்னச் சிலுவை, கையில் சோற்றுப் பாத்திரம் வைத்த பை. உட்காரச் சொன்னேன். உட்காரவில்லை.

“என் பேருக்கு நேரா ஒம்பதுன்னு போட்டுருக்கு சார். ஒம்பதுன்னா என்னங்க?”

“பிற காரணங்கள், டீச்சர்.”

“நான் பின்னால எழுதியிருந்தது யாரும் பாக்கலையோன்னு கேக்க வந்தேன்.”

பார்க்கவில்லை என்று சொல்லியிருக்கலாம். கம்ப்யூட்டர் அறைமேல் பழி போட்டிருக்கலாம். “நான் பாத்தேன் டீச்சர்” என்றேன். அதில் ஒரு நேர்மை இருப்பதாக அப்போது நினைத்துக்கொண்டேன்.

அவர்கள் பையை மறு கைக்கு மாற்றிக்கொண்டார்கள். “பாக்கலைன்னு சொல்லியிருந்தா நிம்மதியா போயிருப்பேன் சார்” என்றார்கள்.

“அடுத்த வருசம் போடுங்க டீச்சர். மூப்பு ஒரு வருசம் கூடும்ல.”

“அக்காவுக்கும் ஒரு வருசம் கூடும் சார். வாரேன்.”

போகும்போது வணக்கம் சொன்னார்கள்.

எங்கள் அலுவலக உதவியாளர் ஓய்வு பெற ஒரு வருடமே இருந்த மனிதர். அந்த டீச்சர் போகும் அதே தேவாலயத்துக்குப் போகிறவர். ஜூன் நடுவில் டீ டம்ளரை என் மேசையில் வைத்துவிட்டுப் போகாமல் நின்றார்.

“அய்யா, செக்காலை டீச்சர் இருக்காகல்ல, அவுக அக்காவ ஒரு ஹோம்ல கொண்டுபோய் விட்டுட்டாக. திருச்சிக்கு அங்குட்டு. கன்னியாஸ்திரிமாரு நடத்துறாக. சாமியாருதான் சொல்லி எடம் வாங்கிக் குடுத்தாரு.”

“ஏனாம்?”

“அந்தம்மா உள்ள இருந்து கதவத் தட்டிக்கிட்டே இருக்குமாம். தெருவுல சத்தம் தாங்கலன்னுட்டாக. பஸ்ஸுல ஏத்துறதுக்கு என்னையும் ஒத்தாசைக்குக் கூப்புட்டாக. சன்னல் கம்பியப் புடிச்சுக்கிட்டு விட மாட்டேன்னுருச்சு. வெரல ஒவ்வொன்னாப் பிரிச்சோம்.” சொல்லிவிட்டு டம்ளரைப் பார்த்தார். “டீ ஆறுது அய்யா.”

அந்த வாரமே முன்மொழிவு ஒன்றைத் தயாரித்தேன். தலைமை அலுவலகத்துக்கு. பொருள்: மாறுதல் விண்ணப்பத் திரையில் ‘குறிப்பு’ என ஒரு வரி சேர்த்தல். பார்வை ஒன்று, பார்வை இரண்டு, இணைப்பு மூன்று தாள்கள். இருபத்தைந்தாவது வரியில் அலுவலகப் பெயரை நீக்கினால் போதும், செலவு ஏதும் இல்லை என்று விளக்கியிருந்தேன். காரணமாக, ‘நடைமுறை அனுபவத்தில் தேவை உணரப்பட்டது’ என்று எழுதினேன். கதவு, பூட்டு, ஜன்னல் கம்பி எதையும் எழுதவில்லை. கோப்பில் அப்படி எழுதுவதில்லை.

பதில் வராமல் போகவே, சில மாதம் கழித்துக் கம்ப்யூட்டர் அம்மாளிடம் போய், உள்ளூரிலேயே அந்த வரியைச் சேர்த்துவிட முடியுமா என்று கேட்டேன்.

“முடியும் சார், அஞ்சு நிமிச வேலை. ஆனா நீங்கதான் எல்லா ஊருக்கும் கொண்டுபோய்க் குடுத்து, எல்லாம் ஒன்னுபோல இருக்கணும், மேல அனுமதி இல்லாம ஒரு எழுத்த மாத்தக் கூடாதுன்னு எழுத்துல வாங்கி வச்சிருக்கீகளே.”

உண்மைதான். அந்தச் சுற்றறிக்கையும் என் வாசகம்.

1997 மாறுதலிலும் டீச்சர் ஒன்பதாகவே வந்தார்கள். 1998-லும் ஒன்பது. நான் நினைவூட்டு ஒன்று, நினைவூட்டு இரண்டு என்று அனுப்பிக்கொண்டிருந்தேன். தபால் பதிவேட்டில் ஒவ்வொன்றுக்கும் எண் இருக்கிறது. அந்த 1998-இலேயே ஓய்வு பெற்றேன். மாலை, சால்வை, கைக்கடிகாரம். பிரிவுபசாரத்தில் பேசிய அலுவலர், இந்த மாவட்டத்தில் மாறுதலைக் கறைபடாததாக ஆக்கியவர் என்று என்னைச் சொன்னார். கைதட்டினார்கள். மூன்றாவது நினைவூட்டை வீட்டு முகவரியிலிருந்து அனுப்பினேன்.

“பென்சன் வாங்குற ஆளுக்கு எதுக்குங்க நினைவூட்டு?” என்றாள் மனைவி. “பேரனுக்கு ஒரு கடுதாசி எழுதுனா பதிலாச்சும் வரும்.”

அடுத்த வருடக் கோடையில் செக்காலை மாடிக்கு ஒருமுறை போனேன். கம்ப்யூட்டர் சென்டர் பலகை போய் ‘இன்டர்நெட் பிரவுசிங்’ என்று வந்திருந்தது. தடுப்புத் தடுப்பாக அறைகள். பச்சை எழுத்துத் திரை எல்லாம் மூலையில் அடுக்கிக் கிடந்தது. ஒரு செட்டிநாட்டு வீட்டை வெளிநாட்டுக்காரர்களுக்குக் காட்டுவதற்காக அந்த அம்மாள் இணையப் பக்கம் போட்டுக்கொண்டிருந்தார். திறந்தால் நாதஸ்வரம் வாசித்தது, தூண்கள் மினுக்கின, ‘நல்வரவு’ என்ற சொல் வலமிருந்து இடமாக ஓடிக்கொண்டே இருந்தது. அந்த வருடத்து நாகரிகம் அது.

“எப்புடி சார் இருக்கு?”

“எல்லாம் ஓடுது. நான் எங்கம்மா படிக்கிறது?”

“அதேதான் நானும் சொன்னேன். அவுகளுக்கு ஓடணுமாம்.” பிறகு கீழே குனிந்து ஒரு கடிதத்தை எடுத்துக் காட்டினார். பெங்களூரில் ஒரு கம்பெனியில் வேலை. “ஆளுக எப்புடி யூஸ் பண்றாகன்னு பக்கத்துல நின்னு பாக்குறதுதான் சார் வேலையே. நம்ப முடியுதா?”

எனக்கு நம்ப முடிந்தது. போய்வா அம்மா என்றேன். அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, “டீச்சருக்கு நாச்சியாபுரம் கெடச்சுருச்சாமே, தெரியுமா சார்?” என்றார்.

தெரியாது. அங்கிருந்து இரண்டு தெரு தள்ளித்தான் வீடு. அதுவரை ஒருமுறைகூட நான் அந்தத் தெருவுக்குப் போனதில்லை. அன்று போனேன். மரக்கதவு. வெளிப்பக்கம் நாதாங்கியில் ஒரு பித்தளைப் பூட்டு திறந்தபடி தொங்கிக்கொண்டிருந்தது. கதவும் திறந்தே இருந்தது.

டீச்சர் என்னை அடையாளம் கண்டுகொண்டார்கள். உள்ளே வரச் சொல்லி, நாற்காலி போட்டு, மோர் கொடுத்தார்கள். கூடத்தில் ஜன்னலோரம் ஒரு பெண்மணி உட்கார்ந்திருந்தார். முடி ஒட்ட வெட்டியிருந்தது. கைகள் மடியில் இருந்தன. நான் வணக்கம் சொன்னேன். அவர் திரும்பவில்லை.

“ஹோம்ல இருந்து போன மாசம் கூட்டியாந்துட்டேன்” என்றார்கள் டீச்சர்.

“நாச்சியாபுரம் கெடச்சது ரொம்ப சந்தோசம் டீச்சர். இந்த வருசம் ஒம்பதுல அவ்வளவு கீழ வரைக்கும் வந்ததே...”

“நான் ஒம்பதுல வரல சார். ஒன்னுல வந்தேன்.”

எனக்குப் புரியவில்லை.

“ஒன்னு. சொந்த உடல்நலக் குறைவு. முதுகுத்தண்டுல கோளாறுன்னு ஒரு டாக்டர்கிட்ட சர்டிபிகேட்டு வாங்கி வச்சேன். எனக்கு முதுகு கல்லு மாதிரி இருக்கு சார். நெசத்த எழுத உங்க பாரத்துல எடம் இல்ல. பொய்க்குத் தனியா ஒரு கட்டம் போட்டு வச்சிருந்தீக.” சொல்லிவிட்டு மோர்த் தம்ளரைச் சுட்டினார்கள். “குடிங்க. உப்பு போதுமா?”

போதும் என்றேன்.

“இந்தப் பொய்யச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் பண்ணிட்டேன். சாமியார் மூணு ஜெபமாலை சொல்லச் சொன்னாரு. சொல்லிட்டேன். எனக்கு அதுக்கு ஒரு எடம் இருக்கு சார்.” ‘உங்களுக்கு?’ என்று அவர்கள் கேட்கவில்லை.

சுவரில் கடிகாரம் நாலு அடித்தது. நான் ஜன்னலோரம் பார்த்தேன். பார்க்காமல் இருக்க முடியவில்லை. அந்த அம்மாள் அப்படியே இருந்தார்.

“முன்னால இந்நேரம் கதவு நிக்காது” என்றார்கள் டீச்சர், நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டு. “இப்பப் பூட்டவே வேணாம். நாள் பூராம் தொறந்துதான் கெடக்கு. அவ வெளிய போக மாட்டேங்குறா. என்னத் தேட மாட்டேங்குறா. வச்ச எடத்துல இருக்கா. நாலரைக்கே வந்துருவேன் இனிமே. எதுக்கு வரணும்னுதான் தெரியல.”

நான் மன்னிப்புக் கேட்டேன். என்ன சொல்லிக் கேட்டேன் என்பது சரியாக நினைவில்லை. விதி, தனிக்குறிப்பு, முன்மொழிவு, மூன்று நினைவூட்டு என்றெல்லாம் ஏதோ சொன்னேன். டீச்சர் குறுக்கிடாமல் கேட்டார்கள், வகுப்பில் தவறான விடையை முழுக்கச் சொல்லவிட்டுக் கேட்பதுபோல.

“பதில் வந்துச்சா?” என்றார்கள்.

“இன்னும் இல்ல.”

“வந்தா சொல்லுங்க.”

பதில் வந்தது. பழுப்பு உறை, இரண்டு வரி. நான் கேட்டிருந்த வசதி அந்தப் படிவத்தில் ஏற்கெனவே உள்ளது எனவும், பட்டியலில் அடங்காத காரணங்களுக்குக் குறியீட்டு எண் ஒன்பதைப் பயன்படுத்துமாறும் தெரிவித்து, ஆதாரமாகப் பயிற்சிக் கையேட்டின் ஒரு பத்தியை எடுத்து எழுதியிருந்தார்கள். அந்தக் கையேட்டை எழுதியது நான். பத்தியில் ஒரு காற்புள்ளியைக்கூட மாற்றவில்லை.

டீச்சரிடம் அதை நான் சொல்லவில்லை. கடிதம் இப்போதும் என் மேசை இழுப்பறையில் இருக்கிறது. வந்த தபாலில் பெற்ற தேதியைக் குறிப்பது பழக்கம் என்பதால், உறையின் மேல் மூலையில் என் கையெழுத்திலேயே எழுதி வைத்திருக்கிறேன்: 1999 ஜூன் 14, திங்கட்கிழமை. அதற்குள் பள்ளிக்கூடங்கள் திறந்துவிட்டிருந்தன.